ஆட்சியின் நாம், தனிமையின் நான்: ஒரு ஜெர்மன் தொலைக்காட்சி நாடகமும் தமிழ் மொழிபெயர்ப்பாளரும்

1961ஆம் ஆண்டு ஜனவரி முதல் நாள் மேற்கு ஜெர்மனியின் தொலைக்காட்சியில் ஹாம்லெட் நாடகம் ஒளிபரப்பாயிற்று. இயக்கியவர் ஃபிரான்ஸ் பீட்டர் விர்ட். மாக்ஸிமிலியன் ஷெல் ஹாம்லெட்டாகவும், ஹான்ஸ் கானின்பெர்க் மன்னன் கிளாடியஸாகவும், வாண்டா ரோதா அரசி கெர்ட்ரூடாகவும் நடித்தனர். பேசப்பட்ட உரை, ஆகஸ்ட் வில்ஹெல்ம் ஷ்லேகல் 1798இல் வெளியிட்ட மொழிபெயர்ப்பு ஆகும். லாரன்ஸ் ஒலிவியரின் 1948ஆம் ஆண்டுத் திரைப்படத்தில் நாம் காணும் கடலும் கோட்டையும் இதில் இல்லை. சில படிகள், சில மேடைகள், சுற்றிலும் இருள், இருளுக்குள்ளிருந்து எழும் முகங்கள் ஆகியவையே இதன் காட்சியமைப்பு. இவ்வறுமை செலவைக் குறைக்க நேர்ந்ததோ, கருதிச் செய்யப்பட்டதோ, அதன் விளைவு ஒன்றே: பார்வையாளர்க்குப் பற்றிக்கொள்ளப் பேச்சைத் தவிர வேறொன்றும் மிஞ்சுவதில்லை. அரண்மனை என்னும் அதிகார இடத்தைக் கண்ணுக்குக் காட்டாத ஒரு படைப்பு, அவ்வதிகாரத்தைச் சொல்லுக்குள் வைத்தாக வேண்டும்.

அதிகாரம், தனிமை ஆகிய இரண்டையும் பொருளாகக் கொண்ட நாடகம் இது என்று திறனாய்வாளர் பலர் கூறியுள்ளனர். அவ்விரண்டும் மூவிடப் பெயர்களில் எவ்வாறு படிந்து கிடக்கின்றன என்பதும், ஷ்லேகலின் ஜெர்மன் அவற்றை எவ்வாறு ஏந்திச் செல்கிறது என்பதும், தமிழில் இந்நாடகத்தைத் தர முயல்வோர் எங்கே இழக்கின்றனர், எங்கே மூலத்தையும் விஞ்சக்கூடும் என்பதும் இக்கட்டுரையில் ஆராயப்படுகின்றன. ரோஜர் பிரவுன், ஆல்பர்ட் கில்மன் ஆகியோர் அதிகாரத்தின் பெயர்ச்சொற்கள், ஒருமையுணர்வின் பெயர்ச்சொற்கள் என்னும் பாகுபாட்டை முன்வைத்த புகழ்பெற்ற கட்டுரை 1960இல் வெளிவந்தது. அவ்விருவரே 1989இல் ஷேக்ஸ்பியரின் நான்கு பெருந்துன்பியல் நாடகங்களை மரியாதைக் கோட்பாட்டின்வழி ஆராய்ந்தனர். அவர்களின் கவனம் பெரிதும் முன்னிலையின்மீது குவிந்தது. தமிழ் மொழிபெயர்ப்பாளர்க்கோ தன்மைப் பன்மையே முதல் இடர் என்பது என் கருத்து.

முதல் அங்கத்தின் இரண்டாம் காட்சியில் கிளாடியஸ் அவையோர்முன் தோன்றிப் பேசுகிறான். இறந்த அண்ணனுக்கான துயரம், அண்ணன் மனைவியை மணந்துகொண்டது, நார்வேயின் படையெடுப்பு அச்சம் ஆகிய மூன்றும் ஒரே பேச்சில் அடுத்தடுத்து வருகின்றன. பேச்சு முழுவதும் தன்மைப் பன்மை. துயரம் நாட்டு மக்கள் அனைவரதும் ஆகலாம்; அங்கே பன்மை உண்மைப் பன்மை. மணந்தவன் ஒருவனே, அங்கே அது அரசர்க்குரிய உயர்வுப் பன்மை. ஆங்கிலத்திலும் ஜெர்மனிலும் இவ்விரு பன்மைகளுக்கும் வடிவ வேறுபாடு இல்லாமையால், ஒன்று மற்றொன்றுக்குள் நழுவுகிறது. துயரத்தில் பங்குகொண்ட அவை, தான் அறியாமலே திருமணத்திலும் பங்காளியாகிவிடுகிறது. நீங்கள் அனைவரும் உடன்பட்டுத்தானே வந்தீர்கள் என்று அவன் அடுத்து நன்றி கூறும்போது மறுப்பதற்கு எவர்க்கும் வாயில்லை. பெயர்ச்சொல் முன்னரே அவர்களைக் கையெழுத்திட வைத்துவிட்டது.

இவ்விடத்தில் தமிழ், மொழிபெயர்ப்பாளரை நிறுத்திக் கேள்வி கேட்கிறது. நம் மொழியில் கேட்போரை உளப்படுத்தும் பன்மை வேறு, உளப்படுத்தாப் பன்மை வேறு. நாம், நாங்கள், பழைய யாம் ஆகிய மூன்றும் கைவசம் உள்ளன. வரலாற்றுப் புதினங்களும் திரைப்படங்களும் அரசர் வாயில் பெரும்பாலும் யாம் என்பதையே இடும். காதுக்கு அது கம்பீரமாக ஒலிக்கிறது. ஆயினும் அதன் இலக்கணத்தை நோக்கினால், அது கேட்போரை வெளியே நிறுத்தும் சொல். கிளாடியஸ் யாம் மணந்தோம் என்று கூறினால் அவன் உண்மையைச் சொன்னவனாகிறான். மணந்தவர் நீங்கள் அல்லர் என்று ஒப்புக்கொண்டவனாகிறான். நாங்கள் என்றால் நிலைமை இன்னும் கெடும். அவன் அருகே அரசி அமர்ந்திருக்க, மணமக்கள் இருவரும் சேர்ந்து பேசுவதுபோல் ஆகிவிடும். நாம் என்பது ஒன்றே கிளாடியஸின் சூதைத் தாங்கவல்லது.

அரசனுக்கு நாம் பொருந்துமா என்று ஐயுறுவோர் கல்வெட்டுகளைப் பார்க்கலாம். தஞ்சைப் பெரிய கோயில் விமானத்தின் அடித்தளக் கல்வெட்டில், கோயிலுக்குத் தான் கொடுத்தவற்றையும் தன் குடும்பத்தார் கொடுத்தவற்றையும் பொறிக்கும்படி ஆணையிடும் முதலாம் இராசராசன், தன்னைச் சுட்ட நாம் என்னும் வடிவத்தையே கையாள்கிறான். கல்லில் வெட்டப்பட்ட அரசாணை நாம் என்று தொடங்குகையில், அதைப் படிக்கும் குடியும் ஓரளவு அதற்குள் வந்துவிடுகிறது. தொல்காப்பியர் ஒருவரைப் பன்மையாற் கூறுவதை வழக்கில் உயர்த்திக் கூறும் கூற்று என ஏற்றுக்கொண்டு, சொல்லிலக்கண நெறியினின்று அதைப் பிரித்துக் காட்டுவது கிளவியாக்கத்தில் காணத்தக்கது. இலக்கணம் தனக்கு உரியதன்று எனத் தள்ளியதை அதிகாரம் தனக்கென எடுத்துக்கொண்டது எனலாம்.

கிளாடியஸின் நாம் அதே காட்சியில் ஓரிடத்தில் நெகிழ்வதையும் மொழிபெயர்ப்பாளர் கவனிக்க வேண்டும். லேயர்ட்டீஸிடம் அவன் மரியாதை முன்னிலையில் தொடங்கி, சில வரிகளுக்குள் நெருக்க முன்னிலைக்கு இறங்குகிறான். தன்னைச் சுட்டும் சொல்லும் பன்மையிலிருந்து ஒருமைக்கு வருகிறது. நீர், நாம் என்பவை நீ, என் என்பவையாக மாறும் அந்த நொடியே அவன் காட்டும் சலுகை. ஹாம்லெட்டிடமோ அவன் நெருக்க முன்னிலையைக் கையாளவில்லை. தாய் உடனே கையாள்கிறாள். நீ என்று அழைக்கும் தாய்க்கும் நீர் என்று நிறுத்தும் மன்னனுக்கும் இடையே இளவரசன் நிற்கிறான். ஷ்லேகல் டூ, ஈர் என்னும் இரு முன்னிலைகளால் இந்த இடைவெளியைக் காத்துள்ளார். (நம் நீருக்கும் அவர்களின் ஈருக்கும் உள்ள ஒலியொப்புமை தற்செயலானது, ஆயினும் மொழிபெயர்ப்பாளர்க்கு அது ஒரு சிறு மகிழ்ச்சி.) 1961இன் ஜெர்மானியர் அலுவலகத்தில் கையாண்ட மரியாதை முன்னிலை ஸீ என்பது. ஈர் அவர்களுக்குப் பழமையும் தொலைவும் கலந்த சொல்லாக ஒலித்திருக்கும். இருண்ட, காலமற்ற அந்த மேடையமைப்புக்கு அது பொருந்திற்று.

இங்கே உறவுப்பெயர்ச் சிக்கலையும் சற்று விரிவாக நோக்குதல் வேண்டும். தமிழ் ஹாம்லெட் பற்றிய பேச்சுகளில் இது போதிய அளவு ஆராயப்படவில்லை. மூலத்தில் கிளாடியஸ் ஹாம்லெட்டை உறவினன் என்றும் மகன் என்றும் ஒருசேர அழைக்கிறான். அதற்கு ஹாம்லெட் தனக்குள் கூறும் முதற் சொற்கள், அவ்வுறவு அளவுக்கு மீறி நெருங்கிவிட்டது என்னும் கசப்பான சிலேடை. ஆங்கிலத்தில் அண்ணன் மகன் வேறு, மகன் வேறு. திருமணத்தால் ஒருவன் மற்றவனாகத் திடீரென மாறுகிறான், அம்மாற்றமே புண். திராவிட உறவுமுறையிலோ தந்தையின் உடன்பிறந்தானும் தந்தையே, அவன் சிற்றப்பன். உடன்பிறந்தானின் மகனும் மகனே. தாமஸ் டிரவுட்மன் 1981இல் எழுதிய திராவிட உறவுமுறை பற்றிய நூலும், அவர்க்கு முன்னோடியான லூயிஸ் ஹென்றி மார்கனின் பத்தொன்பதாம் நூற்றாண்டு ஆய்வுகளும் இக்கட்டமைப்பை விளக்கியுள்ளன. ஆகவே தமிழ்க் கிளாடியஸ் மகனே என்று அழைத்தால் அவையில் எவர்க்கும் அது வியப்பாயிராது. தந்தை இறந்த வீட்டில் சிற்றப்பன் அவ்வாறு அழைப்பதே முறை. சிலேடையைச் சொல்லுக்குச் சொல் பெயர்ப்பவர் பொருளற்ற ஒரு வாக்கியத்தையே பெறுவார்.

ஒன்றை இழக்கும் தமிழ் வேறொன்றைப் பெறுகிறது. கெர்ட்ரூட் கிளாடியஸுக்கு அண்ணி. அண்ணியைத் தாயின் இடத்தில் வைத்துப் பேசும் மரபு நம்மிடம் வலுவானது. எனவே அவையில் மன்னன் அண்ணன், அண்ணி என்னும் இரு சொற்களை அடுத்தடுத்து உச்சரித்து, பின் அவளையே மனைவி என்றால், ஆங்கிலக் கேட்போர் விளக்கம் கேட்டுப் புரிந்துகொள்ளும் குற்றம் தமிழ்க் கேட்போரின் முகத்தில் அறையும். ஹாம்லெட்டின் விடைக்கும் வழி உண்டு. மன்னன் மகனே என்று அழைக்க, இளவரசன் சிற்றப்பா என்று மட்டும் விடையிறுக்கட்டும். சிறுமை என்னும் அடையை நடிகர் சற்றே அழுத்தினால் போதும். முறை தவறாத ஒரு விளிச்சொல்லால் முறை தவறியவனை அளந்துவிடலாம். சிலேடையை விளக்கும் அடிக்குறிப்பு அதன்பின் வேண்டியதில்லை.

பம்மல் சம்பந்த முதலியார் இருபதாம் நூற்றாண்டின் முதற் பத்தாண்டில் இந்நாடகத்தை அமலாதித்யன் எனத் தமிழாக்கி, 1891இல் தாம் தொடங்கிய சுகுண விலாச சபையின் மேடையில் தலைமைப் பாத்திரத்தைத் தாமே ஏற்றார். வாணிபுர வணிகன், மகபதி, சிம்மளநாதன் எனப் பெயர்களின் ஒலியைப் பிடித்துக்கொண்டு தமிழ் வடிவம் தருவது அவர் வழக்கம். அமலாதித்யன் என்னும் பெயரில் ஒலிக்கு மேலும் ஒன்று அமைந்துவிட்டது. ஆங்கிலத்தில் ஞாயிற்றுக்கும் மகனுக்கும் உரிய சொற்கள் ஒரே ஒலியுடையவை. இளவரசன் மன்னனுக்கு அளிக்கும் இரண்டாம் விடை அவ்வொலியொப்புமையின்மேல் நிற்கிறது. ஆதித்தியன் என்பது ஞாயிறு. சொற்பிறப்பின்படி அதிதியின் மகன். ஞாயிறும் மகனும், அதிலும் தாயின் பெயரால் அறியப்படும் மகன், ஒரே சொல்லில் இணைகின்றனர். முதலியார் இதைக் கருதியிருந்தாலும் இல்லாவிடினும், அப்பெயரை ஏற்றுக்கொள்ளும் மொழிபெயர்ப்பாளர்க்கு அச்சிலேடையை மீட்கும் வாய்ப்பு இன்றும் உள்ளது. மராத்தியில் கோபால கணேச ஆகர்கர் 1883இல் இந்நாடகத்திற்கு விகாரவிலசித் எனப் பெயரிட்டார். உள்ளத்து விகாரங்களின் ஆட்டம் என்பது அதன் கருத்து. ஆகர்கர் நாடகத்தின் பொருளைப் பெயராக்கினார். முதலியார் ஆளைப் பெயராக்கினார். மேடைக்கு முதலியாரின் வழியே ஏற்றது எனத் தோன்றுகிறது.

மராத்தியைக் குறிப்பிட்டமையால் ஒன்றைச் சேர்த்துச் சொல்லலாம். இக்கட்டுரை எழுதப்படும் முலுண்டில் ஒரே மாடிப்படியில் தமிழும் மராத்தியும் குஜராத்தியும் இந்தியும் ஏறி இறங்குகின்றன. மராத்தியில் ஆம்ஹி என்பது கேட்போரை நீக்கிய பன்மை. ஆபண் என்பது உளப்பாட்டுப் பன்மை. அதே ஆபண் மிக உயர்ந்த மரியாதை முன்னிலையாகவும் வரும். இந்தியின் ஹம் இவ்வேறுபாடுகளை அறியாது. மும்பைத் தெருப்பேச்சிலோ இந்த ஆபணோடு உறவுடைய அப்புன் என்னும் சொல் நான் என்னும் பொருளில் வழங்குகிறது. சற்று முரட்டுத்தனமான, எவர்க்கும் அஞ்சாத நான். பேட்டையில் தன் செல்வாக்கை நிலைநாட்டுபவன் தன்னைச் சுட்டப் பன்மையின் வழிவந்த சொல்லை எடுத்துக்கொள்வதும், எல்சினோர் மன்னன் எடுத்துக்கொள்வதும் இலக்கண நோக்கில் தொலைவானவை அல்ல. இந்தித் தொடர்களைத் தமிழாக்கி ஒலிப்பதிவு செய்யும்போது, மன்னனின் ஹம் ஒருமுறை நாங்கள் ஆகவும் மறுமுறை நான் ஆகவும் சிதறுவதைத் தொலைக்காட்சி பார்ப்போர் கேட்டிருப்பர். உதட்டசைவுக்குப் பொருத்தும் அவசரத்தில் அதிகாரம் இலக்கணப்பிழையாகிவிடுகிறது.

இனித் தனிமைக்கு வருவோம். மூன்றாம் அங்கத்தின் மூன்றாம் காட்சியில் கிளாடியஸ் தனித்து மண்டியிட்டு இறைவனை வேண்ட முயல்கிறான். அவையில் ஓயாது ஒலித்த அரசப் பன்மை இங்கே ஒருமுறையேனும் இல்லை. முழுவதும் நான், என், எனக்கு. அரிதாக வரும் பன்மையும் மனிதர் அனைவரையும் குறிப்பது, மன்னனைக் குறிப்பதன்று. அரியணையிலிருந்து இறங்காமலேயே பெயர்ச்சொல்லால் இறங்கிவிட்ட மன்னன் இவன். தமிழில் முன்னர் யாம் என்று தொடங்கியவர்க்கு இந்த இறக்கம் வெறும் நடைமாற்றமாகத் தோன்றும். நாம் என்று தொடங்கியவர்க்கோ, ஊரையே உடன் சேர்த்துக்கொண்டவன் உடன் எவருமின்றி நிற்பதாகும். காட்சியின் வலிமை இரண்டாம் வழியிலேயே கிட்டும்.

ஹாம்லெட்டின் தனிமொழிகள் இதற்கு நேர்மாறான வழியில் செல்கின்றன. முதல் அங்கத்துத் தனிமொழியிலும், நடிகர்கள் சென்றபின் இரண்டாம் அங்க இறுதியில் வரும் தனிமொழியிலும், நான்காம் அங்கத்துத் தனிமொழியிலும் தன்மை ஒருமை நிறைந்து வழிகிறது. இரண்டாம் அங்கத்தில் தான் இப்போது தனியன் என்று வெளிப்படையாகக் கூறிக்கொண்டே தொடங்குகிறான். உலகறிந்த மூன்றாம் அங்கத் தனிமொழியில் மட்டும், இறுதியில் ஒஃபீலியாவை விளித்துப் பேசும் சொற்கள் நீங்கலாக, தன்மை ஒருமை ஓரிடத்தும் இல்லை. இருப்பவை எல்லாம் பன்மையும் வினையெச்சமும் பொதுச்சுட்டும். அதே நேரத்தில் திரைக்குப் பின் மன்னனும் பொலோனியஸும் மறைந்து நின்று கேட்கின்றனர். இளவரசன் தனித்திருப்பதாகத் தோன்றும் இக்காட்சியில்தான் அவன் தனித்தில்லை. ஒட்டுக்கேட்கப்படும் இடத்தில் நான் என்னும் சொல் மறைந்துபோயிருக்கிறது. அவன் அதை அறிந்திருந்தானா என்பது இயக்குநர் தீர்க்க வேண்டிய வினா. உரையின் அமைப்பு இரண்டுக்கும் இடம் தருகிறது.

தமிழ் வினைமுற்று விகுதி தன்மையை மறைக்கவிடாது என்பதால் இத்தனிமொழியைத் தமிழில் தர இயலாது எனச் சிலர் வாதிடுவதுண்டு. அவ்வாதம் பொருந்தாது. வேண்டும், கூடும், உண்டு, இல்லை, செய்யலாம் முதலிய இடவிகுதி ஏற்காத வினைவடிவங்களும், தொழிற்பெயர்களும் நம்மிடம் ஏராளம். ஏன் விகுதியை ஒருமுறையும் கையாளாமல் இத்தனிமொழியைத் தமிழில் முழுமையாக எழுத முடியும். ஆங்கிலத்தைவிட இயல்பாகவே முடியும். இடர் வேறிடத்தில் உள்ளது. மேடைப் பேச்சுகளிலும் பட்டிமன்றங்களிலும் புழங்கும் இருப்பதா, இறப்பதா என்னும் வடிவம் எதுகையின் கவர்ச்சியால் நிலைபெற்றுவிட்டது. இறப்பு என்பது நிகழ்ச்சி. மூலம் கேட்பது நிலை பற்றி: உளதாதல், இலதாதல். ஆங்கிலத்தின் பீ, ஜெர்மனின் ஸைன் ஆகிய வினைகள் உள்ளமையையும் இன்னதாதலையும் ஒன்றாக்கிக் கூறுபவை. தமிழ் அவற்றைப் பிரித்து வைத்துள்ளது. மறுத்தலிலும் இல்லை வேறு, அல்ல வேறு. நம் பழைய இலக்கண உரைகள் உண்மை, இன்மை என இணைத்து வழங்கிய சொற்களே கருத்தளவில் மிக நெருங்கியவை. உண்மை என்பது உள்ளதன் தன்மை. இன்று அச்சொல் வாய்மையின் பொருளுக்கு முற்றிலும் நகர்ந்துவிட்டமையால் மேடையில் குழப்பம் நேரும் என்பது சரியே. ஆயினும் பேய் சொன்னது மெய்யா பொய்யா என்று அறியாமல் தவிக்கும் ஒருவன் வாயில் அக்குழப்பம் கேடு செய்யுமா என எண்ணிப் பார்க்கலாம்.

தனியே பேசும் பேச்சுக்கு நம்மிடம் கோட்பாடு இல்லாமலில்லை. சிலப்பதிகார அரங்கேற்று காதைக்கு உரை வகுத்த அடியார்க்கு நல்லார் நாடகத்தின் சொல்லை உட்சொல், புறச்சொல், ஆகாயச்சொல் என மூன்றாகக் கூறுகிறார். நெஞ்சோடு கூறுவது உட்சொல். கேட்போர்க்கு உரைப்பது புறச்சொல். தானே கூறுவது ஆகாயச்சொல். பேசாதவற்றைக் கேட்பனபோல் விளித்துக் கூறும் உரிமையைத் தொல்காப்பியச் செய்யுளியல் வழங்குகிறது. திருக்குறளில் நெஞ்சொடு கிளத்தல் என ஓர் அதிகாரமே அமைந்தது. தனிமையில் இருப்பவர் தம் நெஞ்சை நீ என்று விளிப்பதே தமிழ் அகமரபின் தனிமொழி வடிவம். முதல் அங்கத் தனிமொழியின் இறுதியில் ஹாம்லெட் தன் நெஞ்சை உடையுமாறு பணிக்கும் இடத்தை உட்சொல்லாகவும், மூன்றாம் அங்கத்தை ஆகாயச்சொல்லாகவும் கொண்டால், ஒரே பெயரால் அழைக்கப்படும் இரண்டின் வேறுபாடு புலப்படும். விபுலாநந்த அடிகள் 1926இல் மதங்க சூளாமணியில் ஷேக்ஸ்பியரைத் தமிழ் நாடக இலக்கணத்தோடு பொருத்திக் காட்டியபோது திறந்த வழி இது. அவ்வழியில் மேலும் நடந்தவர் மிகச் சிலர்.

நம் மேடையும் திரையும் வேறு வழியில் சென்றன. முதலியாரின் மனோகரா எல்.வி. பிரசாத்தின் இயக்கத்திலும் மு. கருணாநிதியின் உரையாடலிலும் 1954இல் திரைப்படமாயிற்று. தந்தை மற்றொருத்தியின் வசப்பட்டிருக்க, தாய் அவமதிக்கப்பட, மகன் சினத்தை அடக்கிக் காத்திருக்கும் கதை அது. ஹாம்லெட்டுக்கு அண்டை வீடு எனலாம். அதன் உச்சம் சிவாஜி கணேசன் சங்கிலியால் பிணிக்கப்பட்டு அவைக்கு இழுத்துவரப்படும் காட்சி. அங்கே மகன் அதிகாரத்தோடு பேசுகிறான், அவை கேட்கிறது, அரங்கும் கேட்கிறது. முழுவதும் புறச்சொல். இரண்டாண்டுகளுக்கு முன் பராசக்தியில் நீதிமன்றம் அளித்த இடத்தை இங்கு அரசவை அளிக்கிறது. ஒடுக்கப்பட்டவன் பலர் முன்னிலையில் வாதாடுவது அக்காலத் தமிழ்ச் சமூகத்தின் அரசியல் தேவை. அவ்வுரைநடையின் ஆற்றலைக் குறைத்து மதிப்பிடுவது என் கருத்தன்று. ஆனால் அந்நடை அடுக்கையும் எதுகையையும் கைதட்டலையும் எதிர்பார்த்து அமைவது. எவரும் கேட்காதபோது பேசுவதற்கு அதில் வழியில்லை. தனிமை வேண்டியபோது திரைப்படம் அதைப் பாடலிடம் கொடுத்தது. 1973இல் வந்த ராஜபார்ட் ரங்கதுரையில் அதே சிவாஜி ஹாம்லெட்டாகத் தோன்றும் மேடைக்காட்சி ஆங்கிலத்திலேயே பேசப்பட்டது. முதலியாரின் தமிழ் வடிவம் மேடையேறி அறுபது ஆண்டுகளுக்கு மேலாகியும், தமிழின் மிகப்பெரிய நடிகர் இத்தனிமையை ஆங்கிலத்தில் உரைத்தார் என்பது மொழியியலார் எளிதில் கடந்து செல்லக்கூடிய செய்தியன்று.

விர்ட்டின் தொலைக்காட்சிப் படைப்பு நமக்குப் பயன்படுவது இங்கேதான். சிறு திரையில் முகம் அருகே வந்துவிடுகிறது. குரலை உயர்த்த வேண்டியதில்லை. வீட்டுக் கூடத்தில் அமர்ந்து பார்ப்பவரை நோக்கி ஷெல் பேசும்போது, மூன்றாம் அங்கத்தின் பன்மைக்குள் அவரும் அடங்கிவிடுகிறார். தமிழில் அதுவே உளப்பாட்டு நாம். கிளாடியஸின் நாம் கேட்போரைப் பங்காளியாக்கிற்று. ஹாம்லெட்டின் நாம் கேட்போரைத் துணையாக்குகிறது. ஒரே சொல் இரு வேறு வேலை செய்வதைத் தமிழ் நடிகர் குரலின் அளவால் மட்டுமே வேறுபடுத்த இயலும். அதற்குத் தொலைக்காட்சியும் வானொலியும் பெரிய மேடையைவிட ஏற்றவை.

அதே மூன்றாம் அங்கத்தின் நான்காம் காட்சியில் தாயும் மகனும் மோதுவதையும் குறிப்பிட வேண்டும். தாய் நெருக்க முன்னிலையில் கடிந்துகொள்கிறாள். மகன் மரியாதை முன்னிலையில் அதே குற்றச்சாட்டைத் திருப்பி எறிகிறான். உடனே தாயும் மரியாதைக்கு மாறிவிடுகிறாள். மூன்றே வரிகளில் தாய் மகனை இழக்கிறாள். இன்றைய ஆங்கிலக் காதுக்கு இது கேட்பதில்லை, ஏனெனில் அவர்கள் மொழியில் நெருக்க முன்னிலை வழக்கொழிந்தது. ஷ்லேகலின் ஜெர்மனில் தெளிவாகக் கேட்கும். தமிழில் அதனினும் தெளிவாகக் கேட்கும். சினமுற்ற தாய் மகனைத் திடீரென நீர் என்றோ துரை என்றோ அழைத்தால் என்ன பொருள் என்பதைத் தமிழ் வீட்டில் வளர்ந்த எவர்க்கும் விளக்க வேண்டியதில்லை. இரு தரப்புக்கும் நீ என்றே போட்டுச் செல்லும் மொழிபெயர்ப்பு, தமிழ் தானாக அளிக்கும் செல்வத்தை வேண்டா என்று ஒதுக்குகிறது.

இப்படைப்பின் பிற்காலமும் மொழிபெயர்ப்பாளர்க்குச் சுவையானது. அமெரிக்காவில் வெளியிடும்பொருட்டு இது ஆங்கிலத்தில் ஒலிமாற்றம் செய்யப்பட்டது. ஷெல் தம் பாத்திரத்துக்குத் தாமே ஆங்கிலத்தில் குரல் தந்தார். கிளாடியஸுக்கு ரிக்கார்டோ மோண்டல்பான் குரல் தந்தார். ஆங்கிலத்திலிருந்து ஜெர்மனுக்குச் சென்ற உரை, ஜெர்மன் உதடுகளுக்கு ஏற்ப மீண்டும் ஆங்கிலமாக வேண்டியதாயிற்று. மூலமே தன் மொழிபெயர்ப்புக்குப் பணிந்து நடக்க நேர்ந்த அரிய நிகழ்ச்சி இது. 1999இல் ஓர் அமெரிக்க நகைச்சுவைத் தொலைக்காட்சித் தொடர் அவ்வடிவத்தை எடுத்துக்கொண்டு எள்ளி நகையாடிற்று. குரலும் வாயும் பொருந்தாத ஹாம்லெட் நகைப்புக்கு இடமானதில் வியப்பில்லை. ஈர் என்று விரிந்த உதட்டில் வேறொரு முன்னிலை ஒலித்தால் கண் அதை நம்பாது.

இறுதிக் காட்சியில் தமிழ் மொழிபெயர்ப்பாளர்க்கு மற்றொரு முடிவு காத்திருக்கிறது. ஐந்தாம் அங்கத்தில் கல்லறைக் குழியருகே ஹாம்லெட் தன்னை டென்மார்க்கின் பெயரால் அறிவித்துக்கொள்கிறான். மன்னனுக்குரிய பட்டம் அது. அதோடு இணைந்து வருவதோ தன்மை ஒருமை. பிணங்களுக்கு நடுவே நுழையும் ஃபோர்டின்பிராஸும் அரசுரிமையைக் கோருகையில் ஒருமையிலேயே பேசுகிறான்; பன்மை வருமிடம், நடந்ததை விரைந்து கேட்போம் என்று அவையோரையும் உடன் அழைக்குமிடம். அவனை யாம் என்று பேசவிட்டால் முடிசூட்டு விழா அப்போதே முடிந்துவிடும். நான் என்றே அவன் நுழையட்டும். கேட்போம் என்னும் ஓம் விகுதியில் உடனிருப்போர் மட்டும் உள்ளனரா, வரவிருக்கும் அரசும் உள்ளதா என்பதை நடிகர் குரல் காட்டட்டும்.